நிலைக்காலில் வெள்ளிக் கை

என் அக்காவுக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும். பள்ளிக்கூடம் போனவள் இல்லை. சிறுமியாகத் தீப்பெட்டி ஆபீசில் லேபிள் ஒட்டியபோது, கையில் வந்த லேபிள்களைப் பார்த்தே எழுத்துகளைத் தெரிந்துகொண்டாள். ஒரு எழுத்தைப் பார்ப்பாள், வாய்க்குள் சொல்லிக்கொள்வாள், பிறகுதான் அடுத்த எழுத்துக்குப் போவாள்.

நான் சினிமாவில் கலைப்பிரிவில் வேலை பார்த்தேன். செட் போடுகிற வேலை. என் படம் எது வந்தாலும் அக்கா சிவகாசியில் காலைக்காட்சிக்கே போய் உட்கார்ந்து என் பெயரைத் தேடுவாள். 'கலை உதவி' என்று போட்டு அதன் கீழே ஒரு கூட்டமே வரும். பொடி எழுத்து. அந்தக் கூட்டத்தில் எங்கோ நான் இருப்பேன். அவள் முதல் பெயரில் பாதி தாண்டுவதற்குள் பெயர் போடுகிற அந்தக் கார்டு மாறிவிடும்.

"வந்துச்சாலே?" என்று பிறகு போனில் கேட்பாள்.

"வந்துச்சுக்கா."

"என்னமோ போலீஸ்காரன் வெரட்டுன மாதிரில்ல ஓடுது. அதுல கடைசிப் பேரு உன்னதா, மொதப் பேரா?"

"நடுவுல."

"அங்கன போயி ஏன் நிக்கே? ஓரமா நின்னாலும் பாத்திருப்பேன்."

படத்தின் கலை இயக்குநருக்கு மட்டும் தனிக் கார்டு உண்டு. 'கலை' என்று மேலே போட்டு, கீழே ஒரே ஒரு பெயர். அது கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத்தான் போகும். அக்கா கூட்டிப் படித்து முடிக்கிற அளவுக்கு நிற்கும். அந்தத் தொழிலில் எனக்கு வேறு என்ன ஆசை இருந்தது என்று இப்போது யோசித்தால், பெரிதாக ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. புகழ் வந்தால் அதை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று தெரியாத ஆள் நான். நாலு பேர் இருக்கிற இடத்தில் வாய் திறக்க மாட்டேன். அந்தக் கார்டு ஒருமுறை நின்றால் போதும் என்றிருந்தது.

பத்தாம் வகுப்போடு படிப்பை விட்டு, சிவகாசியில் ஒரு அச்சகத்தில் சேர்ந்தேன். பட்டாசுப் பெட்டிக்கு லேபிள் வரைவேன். புலி, ரோஜாப்பூ, சிரிக்கிற குழந்தை. ஏதோ ஒரு படத்துக்காகப் பழைய காலத்து காலண்டர் அச்சடிக்க ஒரு கலை இயக்குநர் அங்கே வந்தார். நான் அதை வரைந்து, வெயிலில் போட்டு, டீத்தண்ணீர் தெளித்துக் கொடுத்தேன். "மெட்ராஸ் வர்றியா?" என்றார். தலையை ஆட்டினேன். அன்றிலிருந்து அவருக்குக் கீழேதான். கூட இருந்தவர்கள் எல்லோரும் சொல்வது போல நானும் அவரை 'சார்' என்றுதான் சொல்வேன், இங்கேயும் அப்படியே சொல்கிறேன்.

சார் மோசமான மனிதர் இல்லை. சாப்பிட்டாயா என்று கேட்பார். ஆனால் நான் வரைந்த படங்களை டைரக்டர்களிடம் விரித்து வைத்து, "நேத்து தூக்கமே வரல, உக்காந்து போட்டேன்" என்பார். நான் பக்கத்திலேயே நின்றுகொண்டிருப்பேன். அந்தத் தொழிலில் வரைகிறவன் வேறு, பேசுகிறவன் வேறு. புதுச் சுவரைப் பழஞ்சுவராக்குவது, தெர்மாகோலைக் கருங்கல் ஆக்குவது, மழை பெய்யாத இடத்தில் பாசி பிடிக்க வைப்பது, எல்லாம் எங்கள் கைதான். ஸ்டுடியோவில் நான் கட்டிய எந்த வீட்டுக்கும் மேற்கூரை இருந்ததில்லை. படம் பிடித்து முடித்த மறுநாள் இடித்து லாரியில் ஏற்றிவிடுவார்கள். இப்படியே என் தலை நரைக்க ஆரம்பித்தது.

இரண்டாயிரம் பிறந்து சில வருடங்கள் ஆன பிறகு அந்தப் படம் வந்தது. பட்டாசுக் கம்பெனியில் நடக்கிற காதல் கதை. டைரக்டருக்கு அது முதல் படம். சாருக்குக் கையில் பெரிய படங்கள் இருந்ததால், "நம்ம பையன் அந்த ஊர்க்காரன்தான். அவனே பண்ணட்டும். கார்டு அவனுக்கே குடுங்க" என்று என்னைக் காட்டிவிட்டார். டைரக்டரும் சரி என்றார். நரைத்த தலையோடு நான் பையனாக எழுந்து நின்று கும்பிட்டேன்.

ஊருக்குப் போன் போட்டேன்.

"அக்கா, இந்தப் படத்துல தனி கார்டு."

"தனின்னா?"

"என் பேரு மட்டும்."

"எம்புட்டு நேரம் நிக்கும்?" என்றாள்.

"நீ படிக்குற வரைக்கும் நிக்கும்."

"அப்ப இடைவேளைக்குப் பெறகுதான் படத்த ஆரம்பிப்பாக" என்று சிரித்தாள்.

நிஜக் கம்பெனிக்குள் படம் பிடிக்க எந்த முதலாளியும் விடவில்லை. ஜெனரேட்டர், லைட்டு, ஒயர் என்றதும் கையெடுத்துக் கும்பிட்டு அனுப்பிவிட்டார்கள். அது நியாயம்தான். ஏழாயிரம்பண்ணைக்குப் பக்கத்தில் விதைக்காமல் கிடந்த ஒரு கரிசல் காட்டைப் பிடித்து, அங்கே ஒரு கம்பெனியைக் கட்டினேன். ஒன்றுக்கொன்று எட்ட எட்ட நிற்கும், கூரையும் போட்ட சின்னச் சின்ன அறைகள். நடுவில் வேப்பங்கன்றுகள். ஒவ்வொரு அறைக்கும் வெளிப்பக்கம் திறக்கிற கதவுகள். வாசலில் தண்ணீர்த் தொட்டி, மணல் வாளி. வெளிச் சுவரில் அறை எண்ணும், உள்ளே எத்தனை பேர் இருக்கலாம் என்கிற கணக்கும். தரையில் ரப்பர் விரிப்பு. சுவர் பிளைவுட்தான். அதன் மேல் சுண்ணாம்பு அடித்து, உதிர்த்து, மறுபடி அடித்து, வருடா வருடம் வெள்ளை கண்ட சுவர் போல ஆக்கினேன்.

எல்லாம் சரியாக வந்த பிறகும் ஏதோ ஒன்று குறைந்தது. அக்காவைக் கூட்டிப்போய்க் காட்டினேன். அவள் இளவயதிலிருந்தே, பட்டாசுக்கு வெடிமருந்து அடைக்கிற மருந்து அறைகளில் வேலை செய்தவள். சுற்றிச் சுற்றி வந்தாள்.

"எல்லாம் இருக்குலே. ஆனா இதுல யாரும் வேலை பாக்கல."

"ஏன்?"

"கை எங்க?"

அப்போதுதான் புரிந்தது. மருந்து அறையில் வேலை செய்பவர்களின் கையிலும் முகத்திலும் அலுமினியப் பொடி படிந்து வெள்ளியாக மினுங்கும். செருப்போடு உள்ளே போகக் கூடாது. போகும்போதும் வரும்போதும் ஒரு கையை வாசல் நிலைக்காலில் ஊன்றி, ஒரு காலைத் தூக்கி, செருப்பைக் கழற்றுவார்கள், மாட்டுவார்கள். பல வருடம் பல கைகள் ஊன்றிய இடத்தில், பெண்களின் தோள் உயரத்தில், நிலைக்கால் வெள்ளியாகிவிடும். ஒவ்வொரு அறையிலும் அது இருக்கும். நானும் அந்த ஊரில் பிறந்தவன்தான், ஆனால் அச்சகத்து ஆள் என்பதால் எனக்குத் தோன்றவில்லை.

பெயிண்ட் கடையில் வெள்ளிப் பொடி வாங்கி எண்ணெயில் குழைத்துக் கொடுத்தேன். அக்கா உள்ளங்கையில் பூசிக்கொண்டு, செருப்பைக் கழற்றுகிற மாதிரியே நின்று, ஒவ்வொரு நிலைக்காலிலும் கையை ஊன்றி ஊன்றி எடுத்தாள். மேலே புழுதியைத் தேய்த்து நான் அதை மங்கவைத்தேன். தள்ளி நின்று பார்த்தோம். அக்கா தன்னையறியாமல் தலைமுடியைத் தடவி ஹேர்பின் இருக்கிறதா என்று பார்த்தாள். மருந்து அறைக்குள் இரும்பு ஆகாது, உரசினால் பொறி பறக்கும்.

அது தீபாவளி முடிந்து கம்பெனிகள் திறக்காமல் கிடந்த சமயம். கூட வேலை பார்க்கிற பெண்களையே நடிக்கக் கூட்டி வந்தாள் அக்கா. அவர்களைக் கம்பெனிக்கு ஏற்றிப் போகிற அதே வேனை சினிமாக்காரர்கள் பேசியிருந்தார்கள்.

"வேலை இல்லாத நாள்லயும் இந்த வேனு நம்மள விடலியே" என்று ஒருத்தி இறங்கினாள்.

"மூஞ்சி கழுவிட்டு வரச் சொன்னாகளா, கழுவாம வரச் சொன்னாகளா?" என்று இன்னொருத்தி.

"நீ கழுவுனாலும் அதேதான் மதினி, வா."

முதல் ஷாட் எளிதானது. பெண்கள் பேசிச் சிரித்தபடி வந்து வரிசையாக அறைக்குள் நுழைய வேண்டும். அவர்களுக்கு நடுவில் கதாநாயகி வருவாள். டைரக்டர் ஆக்‌ஷன் சொன்னார். வந்தார்கள். வாசலை அடைந்ததும் முதலில் வந்தவளின் கை நிலைக்காலுக்குப் போனது. கால் உயர்ந்தது. செருப்பு கழன்றது. பின்னால் வந்தவளும் அப்படியே. அதற்குப் பின்னால் வந்தவளும். கதாநாயகி உள்ளே போக வழியில்லாமல் குனிந்த முதுகுகளுக்குப் பின்னால் நின்றாள்.

"கட், கட். ஏம்மா, செருப்ப ஏன் கழட்டுறீங்க?"

"செருப்போட எப்பிடி சார் உள்ள போறது?"

"இது சினிமாம்மா. போலாம்."

"பத்திக்கிட்டா நீங்களா வருவீக?" என்றாள் ஒருத்தி. எல்லோரும் சிரித்தார்கள்.

அடுத்த முறை கழற்றவில்லை, ஆனால் எல்லோரும் வாசலில் ஒரு கணம் நின்றுவிட்டார்கள். கால் உள்ளே போகவில்லை. அதற்கடுத்த முறை மறந்துபோய் மறுபடி கழற்றினார்கள். ஒருத்தி ஹேர்பின்னையும் உருவித் தண்ணீர்த் தொட்டியின் விளிம்பில் வைத்துவிட்டுப் போனாள். டைரக்டர் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார்.

"கோவிக்காதீக சார்" என்றாள் அக்கா. "நாங்க கழட்டல. அந்த நிலையப் பாத்த ஒடனே கை போகுது, கை போனா கால் தானா கழட்டிருது."

நான் காமிராவுக்குப் பின்னால் நின்றேன். அவ்வளவு வருடத் தொழிலில் எனக்குக் கிடைத்த பாராட்டு அது ஒன்றுதான். அதைப் பாராட்டு என்று அங்கே வேறு யாருக்கும் தெரியவில்லை.

அன்றைக்கு மதியமே தயாரிப்பாளர் காரில் வந்து இறங்கினார். நான் கட்டிய அறைகளுக்கு நடுவே நடந்து, கடைசி அறையையும் தாண்டி, சீமைக்கருவேலம் வரைக்கும் போய்த் திரும்பிப் பார்த்தார்.

"செட்டு எங்கப்பா?"

"இதான் சார்" என்றார் டைரக்டர்.

"இதுவா? இது இங்க இருந்த கம்பெனி இல்லையா?"

"இல்ல சார். போட்டது."

அவர் சுவரைத் தட்டிப் பார்த்தார். பிளைவுட் சத்தம் கேட்டது. முகம் இறுகிவிட்டது. "இருக்குறத இருக்குற மாதிரியே போட்டு வைக்கிறதுக்கு ஆர்ட் டைரக்டர் எதுக்கு? இதுல நீ என்னய்யா பண்ணியிருக்க?"

கேள்வி என்னைப் பார்த்து. சொல்வதற்கு என்னிடம் எவ்வளவோ இருந்தது. வெறும் காடு, வேப்பங்கன்றுகூட நாங்கள் கொண்டுவந்து நட்டது என்று ஆரம்பித்திருக்கலாம். நீ பேசியிருக்க வேண்டும் என்று பிற்பாடு பலர் சொன்னார்கள். அத்தனை பெண்கள் காலால் சொன்னது அவர் காதில் விழவில்லை. நான் வாயால் சொல்லி என்ன விழுந்திருக்கும்?

"முதல் நாளே ஒரு ஷாட் உருப்படியா போகல சார்" என்றார் டைரக்டர். அவருக்கும் தன் பிழைப்பு இருந்தது. "லொகேஷன் ரொம்ப டல்லா இருக்கு. பொம்பளைங்க வேற இத நிஜம்னு நெனச்சு படுத்துறாங்க."

மறுநாள் தயாரிப்பாளர் கூப்பிட்டு சார் வந்தார். என் தோளில் கைபோட்டுக்கொண்டு அறைகளைச் சுற்றிப் பார்த்தார். நிலைக்காலுக்குப் பக்கத்தில் வந்ததும் நின்றார். வெள்ளித் தடத்தை விரலால் தொட்டார். அது என்னவென்று அவருக்குத் தெரிந்துவிட்டது. அதுதான் என்னால் இன்றுவரை பொறுக்க முடியாதது. தெரியாத ஆள் அழித்திருந்தால் மனம் ஆறியிருக்கும்.

"நல்லா பண்ணியிருக்கடா" என்றார் தணிந்த குரலில். பிறகு திரும்பி, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "செவப்பு கொண்டுவாங்கப்பா" என்றார்.

சுவர்கள் சிவப்பாயின. கதவுகள் மஞ்சளாயின. நிலைக்காலுக்கும் சிவப்பு. கூரையிலிருந்து இரும்புச் சங்கிலிகள் தொங்கின. மருந்து அறைக்குள் துருப்பிடித்த இரும்பு டிரம்களை உருட்டிவந்து நிறுத்தினார்கள். உத்தரத்தில் குண்டு பல்புகள். சுவரில் ஆள் உயரத்துக்கு ஒரு மண்டையோடு. அதை வரையச் சொன்னது என்னைத்தான். நானும் வரைந்தேன். லேபிளில் புலி வரைந்த கை, நன்றாகவே வந்தது.

அதே பெண்கள், அதே ஷாட். ஆக்‌ஷன் என்றதும் பேசிச் சிரித்தபடி வந்தார்கள். வாசலில் ஒருத்தியின் நடையும் தயங்கவில்லை. கை எங்கும் போகவில்லை. செருப்புக் கால்களோடு ரப்பர் விரிப்பை மிதித்து நேராக உள்ளே போனார்கள். கதாநாயகியின் முகம் முழுசாகத் தெரிந்தது. முதல் டேக்கிலேயே ஓகே. யூனிட்டே கைதட்டியது. தயாரிப்பாளர் சாரின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

"பாத்தியா?" என்றார் சார் என்னிடம். "இதுதாண்டா சினிமா."

டீ குடிக்கும்போது அக்காவிடம் கேட்டேன். "இப்ப ஒண்ணும் தோணலியாக்கா?"

"என்ன தோணும்? ராட்டினத் திருவிழாவுக்குள்ள போயிட்டு வந்தாப்புல இருந்துச்சு" என்றவள் என் முகத்தைப் பார்த்து நிறுத்தினாள். "ஏலே, கார்டு உனக்குத்தான?"

"தெரியலக்கா."

கிளம்பும்போது சார் காரின் கண்ணாடியை இறக்கி, "பாத்துக்கலாம். இது இல்லாட்டி அடுத்த படம் கண்டிப்பா உனக்குத்தான்" என்றார். கார்டு போய்விட்டது என்பதை அவர் எனக்குச் சொன்ன விதம் அது. நான் அதை அக்காவிடம் சொல்லவில்லை. போனில் அவள் கேட்கும்போதெல்லாம், படம் வரட்டும் என்று மட்டும் சொல்லி வந்தேன். எனக்கும் உள்ளுக்குள், ஒருவேளை மனம் மாறி என் பெயரையே போட்டுவிடுவார்களோ என்று ஒரு அற்ப நினைப்பு இருந்தது.

படம் வந்த அன்று ஊருக்குப் போனேன். தியேட்டரில் அக்காவோடு நடித்த பெண்கள் ஒரு வரிசை முழுக்க உட்கார்ந்திருந்தார்கள். பெயர்கள் ஓட ஆரம்பித்தன. அக்கா முன்னால் நகர்ந்து நாற்காலி நுனிக்கு வந்தாள்.

'கலை' என்று வந்தது. கீழே சாரின் பெயர்.

அக்காவின் உதடு அசைந்தது. ஒவ்வொரு எழுத்தாகப் போனாள். பாதியிலேயே அது என் பெயர் இல்லை என்று அவளுக்குத் தெரிந்திருக்கும். என் பெயரை எழுத அவளுக்கு நன்றாகத் தெரியும். ஆனாலும் நிறுத்தவில்லை. கடைசி எழுத்துவரை கூட்டி முடித்தாள். அப்புறமும் கார்டு நின்றுகொண்டிருந்தது.

"நீ சொன்ன மாதிரியே ரொம்ப நேரம் நிக்குதுலே" என்றாள்.

சிவப்பு அறை திரையில் வந்தது. பெண்கள் தங்கள் முகங்களைப் பார்த்துக் கூவக்கூட இல்லை, அதற்குள் பின்னாலிருந்து ஒரு குரல், "ஏலே, செருப்போட போறாளுகடா மருந்து ரூமுக்குள்ள!"

தியேட்டரே சிரித்தது.

"சங்கிலியப் பாருலே. கம்பெனியா, ஜெயிலா?"

"செட்டு போட்டவன் பட்டாசே வெடிச்சிருக்க மாட்டான் போல."

அந்த ஊரில் டிக்கெட் எடுத்து உட்கார்ந்த பாதிப் பேர் மருந்து அறையில் வேலை பார்க்கிறவர்கள். சிரிக்காமல் என்ன செய்வார்கள்? எங்கள் வரிசைப் பெண்கள் கால்களை உள்ளே இழுத்துக்கொண்டார்கள். இடைவேளை வரைக்கும் அக்கா முந்தானையால் காலை மூடியே உட்கார்ந்திருந்தாள்.

வெளியே வரும்போது, நான் முன்பு வேலை பார்த்த அச்சகத்தின் கட்டிங் மிஷின்காரர் டீக்கடையில் நின்றிருந்தார். என்னைக் கண்டதும் கையைத் தட்டினார்.

"வாங்க சினிமாக்காரரே! நீ அங்கனதான இருந்த? நம்ம ஊர்க்காரன் ஒருத்தன் கூட இருந்துமா இந்த லட்சணத்துல கட்டி வச்சிருக்கீக? இரும்பு டிரம்ம யாராச்சும் உள்ள வைப்பானா? மானம் போச்சப்பா."

டீக்கடையில் நின்ற நாலைந்து பேரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

அக்கா முன்னால் வந்தாள். "அண்ணே, அது இவன் கட்டுனது இல்ல. கலைன்னு போட்டு வேற ஆளு பேருல்ல வந்துச்சு. அம்புட்டு நேரம் நின்னுச்சே, நான் முழுசாப் படிச்சேன். நீங்க பாக்கலியா?"

அவர் டீயை ஒரு மடக்குக் குடித்தார்.

"போ தாயி. படத்துக்குப் போயி பேரெல்லாம் எவன் படிக்கான்?"